காட்சியும் தெளிவும்

(தசலட்சணப் பெருவிழாவில் ஆற்றிய உரை)

அருகப் பெருமான் திருவடி போற்றி!

கண்ணால் கண்டதினும் பெரிய சான்று இல்லை என்பது உலக வழக்கு. ஆனால் உமாசுவாமி ஆசாரியர், தத்துவார்த்த சூத்திரத்தில், பொறிகளாலும் மனத்தாலும் பிறக்கும் மதிஞானத்தைப் ‘பரோட்சம்’, அதாவது நேரல்லாத அறிவு என்றே வகுத்தார். கண்முன் நிற்பதைக் காண்பது எவ்வாறு நேரல்லாத அறிவாகும்?

ஒரு வெள்ளைத்தாளில் இடப்புறம் ஒரு சிலுவைக்குறியும், அதற்கு 8 செ.மீ. வலப்புறம் ஒரு கரும்புள்ளியும் இடுங்கள். இடக்கண்ணை மூடி, வலக்கண்ணால் குறியை மட்டுமே நோக்கியவாறு தாளை முன்னும் பின்னும் நகர்த்துங்கள். ஏறத்தாழ 30 செ.மீ. தொலைவில் புள்ளி மறைந்துவிடும். பார்வை நரம்பு விழித்திரையை விட்டு வெளியேறும் இடத்தில் ஒளியுணரும் அணுக்கள் இல்லை. 17ஆம் நூற்றாண்டில் பிரான்சு நாட்டு அறிஞர் மரியோட் இதனைக் கண்டறிந்தார். வியப்பு யாதெனில், அவ்விடத்தில் ஓட்டை தெரிவதில்லை, வெண்மையே தெரிகிறது. மூளை இட்டு நிரப்பிய வெண்மை அது!

1995இல் அமெரிக்க அறிஞர் எட்வர்டு அடெல்சன் ஒரு சதுரங்கப் பலகையின் படத்தை அமைத்தார். அதில் நிழலுக்கு வெளியே உள்ள ஒரு கட்டம் கருமையாகவும், நிழலுக்குள் உள்ள மற்றொன்று வெளிர்நிறமாகவும் தோன்றும். உண்மையில் இரண்டும் ஒரே சாம்பல் நிறம். நிழலைக் கழித்துக் கணக்கிடுகிறது மூளை. உண்மையை அறிந்த பின்னும் அத்தோற்றம் மாறுவதில்லை.

ஆகமம் உயிரின் அறிவைப் பேசுகிறது. அறிவியல் மூளையின் செயலைப் பேசுகிறது. இரண்டும் ஒன்றெனச் சொல்வது பொருந்தாது. ஆயினும் இரண்டும் நமக்குக் கற்பிக்கும் அடக்கம் ஒன்றே.

மதிஞானம் அவக்கிரகம், ஈஹா, அவாயம், தாரணை என நான்கு படிகளை உடையது. முதலில் பொருள் புலப்படுகிறது, பின் ஆராய்கிறோம், பின் துணிகிறோம், பின் நினைவில் நிறுத்துகிறோம். உறவினரிடம் குற்றம் காணும்போது நாம் செய்வதென்ன? ஆராய்ச்சியை விட்டுவிட்டுத் துணிவுக்குத் தாவுகிறோம். துணிந்ததை ஆண்டுக்கணக்கில் நெஞ்சில் நிறுத்துகிறோம். “என் கண்ணாலேயே பார்த்தேன்” என்னும் ஒரு சொல்லால் பிரிந்த உடன்பிறந்தார் எத்தனை பேர்! ஒருபுறம் நின்று கண்டதையே முழுமை எனக் கொள்ளாதே என்பதன்றோ அநேகாந்தம்?

விழா நிறைவில் ஒருவரையொருவர் பொறுத்தருள வேண்டுகிறோம். அப்பொழுது, செய்த பிழைகளுக்காக மட்டுமன்றி, பிறரைப் பிழையாகக் கண்டதற்காகவும் பொறுத்தருள வேண்டுவோம்.

அறம் வளர்க! அன்பு பெருகுக!