பஞ்சநாமாவுக்கு அழைக்கப்பெற்றால்



நம் நாட்டுக் குற்ற வழக்குகளில் ஜூரி முறை 1973-ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தோடு மறைந்தது. எனினும், நீதிக்குத் துணை நிற்கும் கடமை குடிமக்களை விட்டு நீங்கவில்லை. மும்பையிலோ ஆமதாபாத்திலோ வாழும் தமிழரைப் போலீசார், அண்டை வீட்டுச் சோதனைக்குப் பஞ்சநாமாச் சாட்சியாக வருமாறு அழைக்கக்கூடும்.

அஞ்ச வேண்டுவதில்லை. அவ்வட்டாரத்து நடுநிலையாளர் இருவரேனும் சோதனையின்போது உடனிருத்தல் வேண்டும் என்பது சட்டம். எழுத்து மூலம் ஆணை தந்த பின்னரும் தக்க காரணமின்றி மறுத்தல் குற்றமாகும். சோதனை உங்கள் கண்முன் நடைபெறும். எப்பொருள் எவ்விடத்தில் கைப்பற்றப்பட்டது என்பதைப் பட்டியலாக எழுதி உங்கள் கையொப்பம் பெறுவர். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையிலுள்ள புதிய சட்டம், சோதனையை ஒலி, ஒளிப் பதிவு செய்யுமாறும் பணிக்கிறது.

பட்டியல் மராத்தியிலோ குஜராத்தியிலோ இருக்கலாம். அவ்வெழுத்தை அறியாதவர், படித்துப் பொருள் கூறுமாறு கேட்கவேண்டும். கண்டதற்கு மாறாக ஏதேனும் இருப்பின், திருத்திய பின்னரே ஒப்பமிடவேண்டும், தமிழிலேயே ஒப்பமிடலாம். வெற்றுத்தாளில் மட்டும் ஒருபோதும் ஒப்பமிடலாகாது.

அழைப்பாணை வந்தாலன்றி நீதிமன்றத்துக்குச் செல்ல வேண்டுவதில்லை. சென்றால், தம் மொழியிலேயே சாட்சி கூறவும் சட்டத்தில் இடமுண்டு. கண்டதைக் கண்டவாறே கூறுங்கள். ஒருவருடைய விடுதலை உங்கள் கையொப்பத்தைப் பொறுத்து அமையக்கூடும்.