பங்குக்கு எவ்வளவு?

சென்ற மாதம் அஸர் தொழுகைக்குப் பின் ஒரு தாயார் பள்ளிவாசல் வாசலில் நின்றார். கணவரை இழந்தவர். இரண்டு ஆண்டுகளுக்கு முன் பட்டுச்சேலை வியாபாரி ஒருவரிடம் 2,00,000 ரூபாயைக் கூட்டு முதலாகக் கொடுத்திருக்கிறார். மாதந்தோறும் 4,000 ரூபாய் வந்தது. இப்போது அந்த வியாபாரி, "தொழில் நட்டமாகிவிட்டது, உங்களுக்கு உரிய இலாபத்தை முன்பே கொடுத்துவிட்டேன்" என்று கையை விரிக்கிறாராம். "ஹஜ்ரத், நட்டத்தை நான் ஏற்கத்தான் வேண்டுமா?" என்பது அத்தாயாரின் கேள்வி.

ஏற்கத்தான் வேண்டும். ஆனால் எவ்வளவு? அதைச் சொல்ல மார்க்கச் சட்டத்தோடு தொடக்கப்பள்ளிக் கணக்கும் தேவைப்படுகிறது.

முதலில் சட்டம். முதல் ஒருவருடையது, உழைப்பு மற்றவருடையது என்னும் கூட்டுக்கு முளாரபா என்று பெயர். இலாபத்தில் பாதி, மூன்றில் ஒன்று என்று விகிதம் பேசலாம். நட்டம் முதலுக்கு, உழைத்தவர் உழைப்பை இழக்கிறார். அவர் பொறுப்பின்றி நடந்திருந்தால் மட்டுமே ஈடு செய்யவேண்டும். இலாபம் வந்தாலும் வராவிட்டாலும் மாதம் இவ்வளவு ரூபாய் என்று பேசினால் ஒப்பந்தமே பழுதாகிவிடுகிறது. அப்போது இலாபமும் நட்டமும் முதலுக்கே சேரும். உழைத்தவருக்கு வழக்கமான கூலி உண்டு. மாதம் 4,000 என்று பேசியபோதே இந்தக் கூட்டு தடம் புரண்டுவிட்டது.

இனிக் கணக்கு. விளங்குவதற்காக எண்களை நானே வைத்துக்கொள்கிறேன். மொத்த முதல் 5,00,000 ரூபாய். பங்கு ஒன்று 5,000 வீதம் 100 பங்குகள். அத்தாயாருக்கு 40 பங்குகள். இரண்டு ஆண்டுகளில் விற்ற சேலைகளின் தொகை 12,40,000. விற்காமல் இருக்கும் சேலைகளும் நூலும் இன்று விற்றால் 60,000 பெறும். ஆக 13,00,000. செலவில் பட்டு, சரிகை, சாயம் 8,20,000. நெசவுக் கூலி 4,00,000. வாடகை, வண்டிச் சத்தம், வியாபாரியின் கூலி 1,10,000. ஆக 13,30,000. நட்டம் 30,000. நூறு பங்குகளால் வகுத்தால் பங்குக்கு 300 ரூபாய் நட்டம். நாற்பது பங்குகளுக்கு 12,000.

இரண்டு இடங்களில் கவனம் வேண்டும். ஒன்று, அலமாரியில் கிடக்கும் சேலைகள். முகூர்த்த நாள்களில் விலை ஏறும் என்று நம்பி, அதே சரக்கை 1,10,000 என்று எழுதினால் 30,000 நட்டம் 20,000 இலாபமாக மாறிவிடும். பங்குக்கு 200 ரூபாய் கிடைத்ததாகத் தாள் சொல்லும். ஒரு சேலைகூடப் புதிதாக விற்றிருக்காது! மற்றொன்று, மாதம் கொடுத்த 4,000 ரூபாயைச் செலவில் எழுதக்கூடாது. இலாபமே இல்லாதபோது அந்த 96,000 ரூபாயும் அத்தாயாரின் சொந்த முதலே. நட்டம் போக அவருக்கு உரியது 1,88,000. வாங்கியதைக் கழித்தால் இன்னும் 92,000 ரூபாய் வரவேண்டும். "எல்லாம் போயிற்று" என்பதற்கும் இதற்கும் எவ்வளவு தூரம்!

பெங்களூரில் 2006இல் தொடங்கிய ஐ.எம்.ஏ. நிறுவனத்தை நினைத்துப் பாருங்கள். ஹலால் முதலீடு என்ற பெயரில் நம் மக்களிடம் பணம் திரட்டியது. கொடுத்தவர்களைப் பங்குதாரர்கள் என்றே அழைத்தது. 2019 ஜூனில் அதன் தலைவர் நாட்டை விட்டு வெளியேறினார்; ஜூலையில் டெல்லியில் கைதானார். பல்லாயிரம் குடும்பங்கள் தெருவில் நின்றன. மாதத் தொகை வந்த காலத்தில், இது எந்த வியாபாரத்தின் இலாபம், எத்தனை பங்குகளால் வகுத்தது என்று கேட்டவர்கள் மிகக் குறைவு. ஆலிம்களாகிய நாமும் உரக்கக் கேட்கவில்லை என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

பங்குச் சந்தையிலும் வகுத்தல் இதுதான். 2008இல் ரிலையன்ஸ் பவர் பங்கைச் சிறு முதலீட்டாளர்கள் 430 ரூபாய்க்கு வாங்கினர். பிப்ரவரி 11ஆம் நாள், சந்தைக்கு வந்த முதல் நாளிலேயே, மும்பைச் சந்தையில் 372.50க்கு முடிந்தது. பங்குக்கு 57.50 நட்டம், 15 பங்குகளுக்கு 862.50. பின்னர் ஐந்து பங்குகளுக்கு மூன்று இலவசப் பங்குகள் தந்தார்கள். 15 பங்குகள் 24 ஆயின. போட்ட 6,450 ரூபாயை 24ஆல் வகுத்தால் பங்கின் அடக்கவிலை 268.75. அதற்குப் பிறகும் 430ஐ வைத்துக் கணக்குப் போட்டவருக்கு விடை தவறாகவே வரும். (அந்தப் பங்கை வாங்கலாமா என்பது வேறு மஸ்அலா, இங்கே கணக்குக்காக மட்டும் சொன்னேன்.)

அல்பகரா அத்தியாயத்தின் 282ஆம் வசனம் தவணைக் கடனை எழுதி வைக்கக் கட்டளையிடுகிறது. நம் கூட்டு வியாபாரங்களிலோ வாய்ச்சொல்லே பத்திரம். அந்த வியாபாரியிடம் நான் கேட்டதும் ஏட்டைத்தான். முதலில் முகம் சுளித்தார். மஹல்லாப் பெரியவர்கள் இருவர் முன்னிலையில், வருகிற ஞாயிறு லுஹருக்குப் பின் பட்டு வாங்கிய ரசீதுகளுடனும் கூலி ஏட்டுடனும் வருவதாக இப்போது ஒப்புக்கொண்டிருக்கிறார். இருப்பிலுள்ள சேலைகளுக்கு விலை மதிக்க, இத்தொழிலில் பழகிய நெசவாளர் ஒருவரையும் அழைத்திருக்கிறோம்.