பார்த்தவர் பலர், குறித்தவர் சிலர்



இரைகொல்லிப் பறவைகளைப் பற்றிய இந்தக் கருத்தரங்கைச் சென்னையில் குளிரூட்டிய அரங்கம் ஒன்றில் வைத்திருக்கலாம். சிங்கப்பெருமாள் கோவிலில் வைக்க வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தவன் நான். வடக்கே வண்டலூரில் அறிஞர் அண்ணா உயிரியல் பூங்கா; காயம்பட்ட காட்டுயிர்கள் போய்ச் சேரும் இடம். தெற்கே செங்கல்பட்டைத் தாண்டினால் திருக்கழுக்குன்றம். நாள்தோறும் வந்த பறவைகள் வராமல் போன இடம். நம் பேச்சு முழுவதும் இந்த இரண்டு ஊர்களுக்கு நடுவில்தான் நடக்கப்போகிறது.

திருக்கழுக்குன்றத்துக் கதை உங்களில் பெரியவர்களுக்குத் தெரியும். வேதகிரி மலைமேல் நண்பகலில் பாறையில் பொங்கல் வைத்து அழைப்பார்கள். இரண்டு பறவைகள் இறங்கி வந்து தின்றுவிட்டுப் பறந்துபோகும். காலையில் காசியில் நீராடி, உச்சியில் இங்கே உண்டு, மாலையில் இராமேசுவரம் தொழுது, இரவில் சிதம்பரத்தில் தங்கும் முனிவர்கள் அவை என்பது நம்பிக்கை. ஊர் கழுகு என்றது. உண்மையில் அவை பிணந்தின்னும் மஞ்சள்முகப் பாறுகள்.  

நினைத்துப் பாருங்கள். ஒரே இடம், ஒரே நேரம், நாள் தவறாமல், தலைமுறை தலைமுறையாக. இப்படி ஒரு கூர்நோக்கு வசதி உலகில் எந்த ஆய்வாளருக்கும் எளிதில் கிடைக்காது. ஆனால் இத்தனை பேர் பார்த்ததில் எழுதி வைத்தவர்கள் மிகச் சிலர். தாம்பரம் சென்னைக் கிறித்தவக் கல்லூரியின் புள்ளியியல் பேராசிரியர் கிஃப்ட் சிரோமணி அந்தச் சிலரில் ஒருவர். 1977இல் பறவை நோக்கர்களுக்கான செய்திமடலில் இப்பறவைகளைப் பற்றி எழுதினார். எண்களோடு பழகியவர் எழுதியதில் எனக்கு வியப்பில்லை. 1998க்குப் பிறகு பறவைகள் வரவில்லை. கலி முற்றிவிட்டது என்றார்கள். இரண்டு பறவைகளும் ஒன்றாக வருவதை நிறுத்தினவா, ஒன்றுக்குப் பின் ஒன்றா, அதற்கு முந்தைய ஆண்டுகளில் சுற்றுவட்டாரத்தில் கூடு இருந்ததா என்று சொல்லத் தொடர்ச்சியான நாட்குறிப்பு ஒன்று இருந்திருந்தால்!

அதே காலத்தில் ராஜஸ்தானின் பரத்பூரில் நடந்ததை ஒப்பிடுங்கள். விபு பிரகாஷ் என்னும் ஆய்வாளர் 1980களில் அங்கே பாறுகளை எண்ணி வைத்திருந்தார். 1990களில் திரும்பவும் எண்ணியபோது சரிவு கண்ணில் அடித்தது. 1999இல் அதை வெளியிட்டார். பழைய எண்ணிக்கை கையில் இருந்ததால்தான் புதிய எண்ணிக்கைக்குப் பொருள் வந்தது.

ஆனால் எண்ணிக்கை நோயைச் சொல்லும், காரணத்தைச் சொல்லாது. காரணம் செத்த பறவைகளின் வயிற்றுக்குள் இருந்தது. லிண்ட்சே ஓக்ஸ் குழுவினர் பாகிஸ்தானில் இறந்த வெண்முதுகுப் பாறுகளை அறுத்துப் பார்த்தார்கள். உள்ளுறுப்புகளின் மேல் யூரிக் அமிலம் வெள்ளை வெள்ளையாகப் படிந்திருந்தது. சிறுநீரகம் செயலிழந்ததன் அடையாளம். மாட்டுக்குப் போடும் டைக்குளோஃபினாக் என்ற வலிநிவாரணி பிணத்தின் வழியே பறவைக்குப் போனது என்று 2004இல் நிறுவினார்கள். 2006இல் இந்தியா அதைக் கால்நடைகளுக்குத் தடை செய்தது. தடைக்குப் பிறகும் மனிதருக்கான பெரிய குப்பிகளை வாங்கி மாட்டுக்கு ஏற்றினார்கள். 2015இல் அந்தக் குப்பிகளும் தடை செய்யப்பட்டன. 2023இல் அசிக்குளோஃபினாக், கீட்டோபுரோஃபன் இரண்டும் தடைப்பட்டியலில் சேர்ந்தன. ஒரு மருந்தை நிறுத்தினால் அதன் தம்பி வந்து நிற்கிறான். நம் மாநிலத்தில் பாறுகள் எஞ்சியிருப்பது பெரும்பாலும் மாயாற்றுப் பள்ளத்தாக்கில்தான். அங்கே அருளகம் அமைப்பின் பாரதிதாசனும் அவர் தோழர்களும் மருந்துக்கடைக்காரரிடமும் மாடு வளர்ப்பவரிடமும் பேசிப் பேசியே அவற்றை ஓரளவு காப்பாற்றியிருக்கிறார்கள். அது வனத்துக்குள் செய்யும் வேலையைவிடக் கடினமானது என்பது என் கருத்து.

இப்போது இந்த ஊர் வழியே போகும் நம் ஜி.எஸ்.டி. நெடுஞ்சாலைக்கு வருகிறேன். இங்கே அடிபடுவது பாறு அல்ல. மாஞ்சா நூலில் இறக்கை அறுபட்ட கரும்பருந்து, புறாவைத் துரத்திக் கண்ணாடிச் சன்னலில் மோதிய வல்லூறு, மின்கம்பத்தில் கருகிய செம்பருந்து, பழைய கட்டடத்தை இடிக்கும்போது வெளியே விழுந்த கூகைக் குஞ்சுகள். நைலான் மாஞ்சாவைத் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் 2017இல் நாடு முழுவதும் தடை செய்துவிட்டது. நூல் இன்னும் மரத்தில் தொங்குகிறது. இந்தப் பறவைகளை அட்டைப்பெட்டியில் போட்டு ஓடுகிறவர்களை நான் வணங்குகிறேன். ஆனால் அவர்கள் குறிப்பேட்டில் பெரும்பாலும் இருப்பது "பருந்து, ஒன்று, இறந்தது" என்ற ஒற்றை வரி. பறவை நோக்கர்களோ உயிருள்ள பறவையை மட்டும் இ-பேர்டு இணையத்தளத்தில் பதிகிறார்கள். சாலையோரம் கிடக்கும் உடலைத் தாண்டிப் போகிறார்கள். ஒரே பறவையைப் பற்றி இரு தரப்பிலும் பாதிப் பாதி தெரிகிறது. டீக்கடையில்கூட இவர்கள் ஒன்றாக உட்காருவதில்லை!

என் வேண்டுகோள் இது. எந்தக் கம்பம், எந்தத் தெரு, எந்த நாள், என்ன வயது, என்ன காயம் என்று எழுதுங்கள். செத்ததைப் புதைக்குமுன் வனத்துறை வழியாகக் கால்நடை மருத்துவரிடம் உடற்கூறாய்வுக்குக் கொடுங்கள். விடுவித்த பறவைக்கு என்ன ஆயிற்று என்பதையும் தேடிப் பாருங்கள். பறக்கவிட்டுப் படம் எடுத்ததோடு மீட்பு முடிந்தது என்று நான் ஏற்கமாட்டேன். கம்பிவலைக் கூண்டில் வாலிறகு முறிந்த பறவை பறக்கும், வேட்டையாடாது, சில நாளில் பட்டினி கிடந்து சாகும். அதை நாம் வெற்றிக் கணக்கில் எழுதிவிடுகிறோம். இன்னொன்று: தரையில் உட்கார்ந்திருக்கும் ஆந்தைக் குஞ்செல்லாம் அநாதை இல்லை. காயமில்லாத குஞ்சைப் பக்கத்து மரக்கிளையில் வைத்துவிட்டு விலகி நின்றால் தாய் வரும். வீட்டுக்குக் கொண்டுபோய்ப் பால் ஊற்றுவது அன்பு அல்ல, சட்டப்படி குற்றமும்கூட.

இங்கே பாடலாத்ரி நரசிம்மர் குகையில் இருக்கிறார். பெருமாள் கோயில் கும்பாபிஷேகத்தில் கருடன், அதாவது செம்பருந்து, வட்டமிட்டால் கூட்டமே அண்ணாந்து கைகூப்புகிறது. அந்தக் கூட்டத்தில் பத்துப் பேர் மற்ற நாட்களிலும் அண்ணாந்து பார்த்துத் தேதி போட்டு எழுதினால், செங்கல்பட்டு மாவட்டத்துக்குச் செம்பருந்துப் பதிவேடு ஒன்று கிடைத்துவிடும். பக்தியைக் குறை சொல்லவில்லை. அதன் கையில் ஒரு பென்சிலும் கொடுக்கச் சொல்கிறேன்.

முதல் அமர்வு மின்கம்பிச் சாவுகளைப் பற்றியது. கட்டுரை படிப்பவர்கள் படங்களைக் குறைத்துக்கொண்டு, கம்பத்தின் வகையையும் கம்பிகளுக்கிடையே உள்ள இடைவெளியையும் முதலில் சொல்லுமாறு கேட்டுக்கொள்கிறேன். மின்வாரியத்திடம் கொண்டுபோய்க் காட்ட நமக்குத் தேவைப்படுவது அந்த விவரம்தான். பிற்பகலில் பொதுவான மீட்புப் படிவம் ஒன்றின் வரைவைச் சுற்றுக்கு விடுவோம். கையில் பேனாவோடு வாருங்கள், தயங்காமல் அடித்துத் திருத்துங்கள். கருத்தரங்கைத் தொடங்கி வைக்கிறேன்.