சேரிக்கு மட்டும் டீத்தண்ணீர்

(மாடம்பாக்கத்தில் இளைஞர்கள் கூடிய கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



சினிமாவில் காஸ்ட்யூம் டிசைனர் என்றால் ஹீரோவுக்குக் கூலிங்கிளாஸ் எடுத்துக் கொடுப்பவர் என்று பலர் நினைக்கிறார்கள். உதவியாளராகச் சேர்ந்தபோது நான் முதலில் கற்றுக்கொண்டது புதுச் சட்டையைப் பழசாக்குவது. டீத்தண்ணீரில் ஊறப்போட்டு, காயவைத்து, காலரை உப்புத்தாளால் தேய்த்தால் பத்து வருஷம் உழைத்த துணிபோல் ஆகிவிடும். நல்ல வேலைதான். ஆனால் அந்தப் படத்தில் ஊர்த்தெருக்காரர்களின் வேட்டி சலவையிலிருந்து நேராக வந்தது. சேரிக்காரர்களுக்கு மட்டும் டீத்தண்ணீர். எடுத்ததோ கல்யாணக் காட்சி! “கல்யாணத்துக்குக்கூடவா சார் இவங்க அயர்ன் பண்ணின சட்டை போட மாட்டாங்க?” என்று கேட்டேன். “அப்புறம் சேரின்னு எப்படித் தெரியும்?” என்றார்கள்.

எப்படித் தெரியும் என்பது ஆதிக்க சாதியின் பழைய கவலை. 1930 டிசம்பரில் ராமநாதபுரத்தில் ஒடுக்கப்பட்ட மக்கள்மீது எட்டுத் தடைகள் விதித்தார்கள். ஹட்டன் தன் நூலில் அதைப் பதிவு செய்திருக்கிறார். ஆண்கள் முழங்காலுக்குக் கீழே துணி உடுத்தக் கூடாது, கோட்டு, சட்டை, பனியன் கூடாது, கிராப்பு கூடாது. பெண்கள் மேலுடம்பை மூடக் கூடாது. குடை, செருப்பு கூடாது. மீறியவர்களின் குடிசைகளை எரித்தார்கள். படித்தபோது எனக்கு அது ஒரு காஸ்ட்யூம் லிஸ்ட் மாதிரியே இருந்தது.

இந்தியாவுக்கு முதல் ஆஸ்கர் வாங்கித் தந்தவர் ஒரு காஸ்ட்யூம் டிசைனர். கோலாப்பூரில் பிறந்த பானு அத்தையா, 1956இல் ‘சி.ஐ.டி.’ படத்தில் தொடங்கி நூறு படங்களுக்கு மேல் உடை வடிவமைத்தவர். ‘காந்தி’ படத்துக்காக 1983இல் ஜான் மொல்லோவுடன் விருதைப் பகிர்ந்துகொண்டார். பெரிய உழைப்பு, மறுக்கவில்லை. ஆனால் மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும் அந்தப் படத்தில் அம்பேத்கர் பாத்திரமே கிடையாது. அவர் கோட்டுக்கு அளவெடுக்க யாருக்கும் வேலை வரவில்லை.

நம் காலத்துக்கு வருவோம். ‘சார்பட்டா பரம்பரை’க்கும் ‘தங்கலா’னுக்கும் உடை வடிவமைத்தவர் ஏகன் ஏகாம்பரம். ‘தங்கலா’னில் தங்கவயலிலிருந்து ஊருக்கு ரவிக்கைகள் வரும். பெண்கள் முதன்முதலாகப் போட்டுப் பார்த்துக்கொண்டு ஆடுவார்கள். அந்தக் காட்சியில் ரவிக்கைதான் கதை. டிசைனர் அதைப் பளபளப்பாக்கியிருந்தால் ஃபேஷன் ஷோ ஆகியிருக்கும். கந்தலாக்கியிருந்தால் அந்தச் சந்தோஷத்துக்கே அர்த்தமில்லை.

இந்த வேலைக்கு நம் ஆட்கள் வர வேண்டும். தரமணி நிஃப்டில் படிக்க எல்லார் வீட்டிலும் பணமில்லை, சரி. ஆனால் தையல் தெரிந்த கைகள் இங்கேயே இருக்கின்றன. காலையில் மெப்ஸுக்கு பஸ் பிடிக்கிற அக்காக்களிடம் கேளுங்கள், எந்தத் துணி எத்தனை சலவை தாங்கும் என்று டிசைனருக்கே பாடம் எடுப்பார்கள்.

கடைசியாக ஒரு வேலை. நம் தெருவில் 1970, 80களில் கல்யாணத்துக்கு என்ன உடுத்தினார்கள் என்று தேடினால் கிடைப்பதில்லை. அது உங்கள் வீட்டுப் பரணில் இருக்கிறது. தாத்தாவின் இஸ்திரி மடிப்பு, ஆயாவின் ரவிக்கைக் கை நீளம், ஸ்டூடியோவில் இரவல் வாங்கிப் போட்ட கோட்டு, எல்லாமே வேண்டும். அடுத்த ஞாயிறு ஆல்பங்களை இங்கே எடுத்து வாருங்கள். போனில் படம் எடுத்துக்கொண்டு உடனே கையில் கொடுத்துவிடுகிறேன்.