கண்ணுக்கும் கவனத்துக்கும் ஓய்வு
(தம்பதியர் கூட்டத்தில் நிகழ்த்திய பேச்சு)



குடும்ப நலப் பேச்சு என்றாலே மாத்திரை, ஊசி, கருத்தடை என்று எண்ணிச் சிலர் பின்னால் ஒதுங்கி நிற்கிறீர்கள். முன்னால் வந்து உட்காருங்கள். இன்றைக்கு உங்கள் மடியிலும் சட்டைப்பையிலும் இருக்கிற செல்போனைப் பற்றித்தான் பேச்சு.

தாண்டிக்குடி, பண்ணைக்காடு பக்கம் காப்பிப் பழம் பறித்துவிட்டு வருகிறோம். பூம்பாறையில் பூண்டுக் காட்டில் நாளெல்லாம் குனிந்து நிமிர்கிறோம். உடம்பு அசந்து போகிறது. அது சூடாகச் சோறும் நல்ல உறக்கமும் கிடைத்தால் தீருகிற அசதி. சாப்பிட்டபின் செல்போனை எடுத்து, ஒரு படம், இன்னொரு படம் என்று இரவு 11 மணி வரை விரலால் தள்ளிக்கொண்டே இருக்கிறோமே, அதில் வருகிற அசதி வேறு. கண் எரியும், தலை கனக்கும், பிள்ளை கூப்பிட்டால் கோபம் வரும். "என்னங்க, நான் சொன்னது காதுல விழுந்துச்சா?" என்று வீட்டுக்காரம்மா கேட்டால் "ம்" என்று பதில் வரும். விழவில்லை என்பது இரண்டு பேருக்குமே தெரியும்.

காரணம் என்ன? கண்ணுக்குள் சின்னத் தசை ஒன்று இருக்கிறது. கிட்டத்தில் பார்க்கும்போது இறுகும், தூரத்தில் பார்க்கும்போது தளரும். ஒரு சாண் தூரத்தில் திரையை வைத்து மணிக்கணக்காகப் பார்த்தால், சுமையை இறக்காமலே நிற்கிறவன் கை மாதிரி அது சோர்ந்துவிடும். இமை கொட்டுவதும் குறைந்துபோகும். கொட்டாத கண் காய்ந்து எரியத்தானே செய்யும்?

மனசின் கவனமும் அப்படித்தான். அமெரிக்காவில் மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் ஸ்டீபன் கேப்லான், ரேச்சல் கேப்லான் என்ற கணவனும் மனைவியும் இதை ஆராய்ந்து 1989-ல் ஒரு நூலே எழுதினார்கள். கணக்குப் பார்க்க, வண்டி ஓட்ட, நாம் இழுத்துப் பிடிக்கிற கவனம் ஒன்று. ஓடைத் தண்ணீர், மேகம், இலையாட்டம் இவற்றின்மேல் தானாகப் போய் உட்காருகிற கவனம் மற்றொன்று. இரண்டாவது வேலை செய்யும்போது முதலாவது ஓய்வெடுத்துக்கொள்கிறது. செல்போனும் தானாக இழுக்கிறதே என்று கேட்பீர்கள். இழுக்கிறது, ஆனால் கழுத்தைப் பிடித்து இழுக்கிறது. மனசு அலைய இடம் விடுவதில்லை.

அதே பல்கலைக்கழகத்தில் 2008-ல் வெளியான ஒரு சோதனையில், சிலரை மரத்தோட்டத்தில் சுமார் 50 நிமிஷம் நடக்கவிட்டு, இன்னொரு நாள் கடைத்தெருவில் நடக்கவிட்டார்கள். எண்களைத் தலைகீழாகச் சொல்லும் பரீட்சையில், மரத்தடியில் நடந்த பிறகுதான் மேலாகச் சொன்னார்கள். கடுங்குளிரில் நடந்து, அந்த நடை பிடிக்காமல் போனவர்களுக்கும் பலன் இருந்தது! சின்னச் சோதனைதான், மந்திரம் என்று நான் சொல்லவில்லை.

மதுரையிலிருந்த அமெரிக்க மிஷன்காரர்கள் காய்ச்சலுக்குப் பயந்து 1845-ல் கொடைக்கானலில் வீடு கட்டினார்கள். இப்போது வருகிற வண்டிகளின் நெரிசலால், சென்னை உயர் நீதிமன்ற உத்தரவின் பேரில் 2024 மே மாதம் முதல் இ-பாஸ் முறையே வந்துவிட்டது. அப்படி வந்தவர்களும் கோக்கர்ஸ் வாக்கில் பள்ளத்தாக்குக்கு முதுகைக் காட்டி நின்று, படம் எடுத்துக்கொண்டு போகிறார்கள். அவர்களைச் சிரிக்க நமக்கு யோக்கியதை இல்லை. நம் கொல்லையிலேயே மலை இருக்கிறது, நாமும் பார்ப்பதில்லை. குறிஞ்சி 12 வருஷத்துக்கு ஒருமுறைதான், 2018-ல் பூத்தது. ஓடை அப்படியா? கீழே இருப்பவர்களுக்கு ஆயக்குடிக் கொய்யாத் தோப்பும் குளத்தங்கரையும் போதும்.

ஆகவே சாயங்காலம் அரைமணி நேரம், செல்போனை வீட்டில் வைத்துவிட்டு இரண்டு பேரும் நடந்து வாருங்கள். பேசினாலும் சரி, பேசாவிட்டாலும் சரி. இருட்டுமுன் திரும்பிவிடுங்கள். காட்டெருமை நடமாட்டம் உங்களுக்குத் தெரியும், சில பக்கம் யானையும் உண்டு. செல்போனைப் பார்த்துக்கொண்டே அந்தப் பாதையில் நடப்பது உயிரோடு விளையாடுவது.

"எனக்கு நடக்க ஏது நேரம்?" என்று தாய்மார்கள் கேட்பது எனக்குக் கேட்கிறது. நியாயமான கேள்வி. ஐயா பாத்திரம் கழுவினால் அம்மாவுக்கு நேரம் கிடைக்கும். இதை நான் சும்மா சிரிக்கச் சொல்லவில்லை.

குழந்தை விஷயம் இன்னும் முக்கியம். சோறு ஊட்டக் கையில் செல்போனைக் கொடுக்கிறோம். 2 வயது வரை திரையே வேண்டாம், அதன்பின் 4 வயது வரை நாளுக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம் என்று உலக சுகாதார நிறுவனம் 2019-ல் சொல்லியிருக்கிறது. குழந்தை பேச்சைக் கற்பது நம் முகத்தையும் வாயையும் பார்த்து. காக்கையையும் அணிலையும் காட்டி ஊட்டுங்கள். நேரமாகும், ஆகட்டுமே.

செல்போனே கூடாது என்று சொல்ல வரவில்லை. ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டில் பீன்ஸ் என்ன விலை என்று கேட்கவும், பிரசவ வலி வந்தால் 108-ஐக் கூப்பிடவும் அது வேண்டும். படுக்கைக்கு மட்டும் வேண்டாம். அடுப்படிப் பலகையில் வைத்துவிடுங்கள்.

எல்லாவற்றையும் மரம் தீர்க்காது. 40 வயதுக்கு மேல் எழுத்து மங்கினால் அது வெள்ளெழுத்தாக இருக்கலாம், கண்ணாடி போட்டால் சரியாகும். தலைவலி விடாமல் இருந்தால் டாக்டரிடம் காட்டுங்கள். பிள்ளை பெற்ற பெண் ராத்திரி தூங்காமல் செல்போனையே வெறித்துக்கொண்டு, காரணமில்லாமல் அழுதுகொண்டு இருந்தால், "செல்போன் பைத்தியம்" என்று திட்டாதீர்கள். அது பிரசவத்துக்குப் பின் வருகிற மனச்சோர்வாக இருக்கலாம். சிகிச்சை உண்டு. 14416 என்ற எண்ணில் கட்டணமில்லாமல் பேசலாம். புதன்கிழமை தடுப்பூசிக்கு வரும்போது கிராம சுகாதார செவிலியரிடம் தனியாகச் சொன்னாலும் போதும். மாமியார் சொன்னாலும் சரி, புருஷன் சொன்னாலும் சரி, யாராவது ஒருவர் சொல்லுங்கள்.