கோடித் துணியும் நீலம்மாவும்

(திருப்பதியில் ‘ஒக ஊரி கதா’ திரையிடலுக்குப்பின், சித்தூர் – திருப்பதிப் பகுதித் தமிழ்த் தோழர்களிடையே ஆற்றிய உரை)

சற்றுமுன் நாம் பார்த்த படம் 1977இல் மிருணாள் சென் இயக்கியது. சிறந்த தெலுங்குப் படத்துக்கான தேசிய விருது பெற்றது. இயக்குநர் வங்காளி. வெங்கய்யாவாக நடித்த வாசுதேவ ராவ், ‘சோமன துடி’யில் சோமனாக வாழ்ந்து காட்டிய கன்னட நடிகர். மூலக்கதை பிரேம்சந்தின் ‘கஃபன்’. 1935இல் உருதுவிலும் மறு ஆண்டில் இந்தியிலும் வெளிவந்தது. முற்போக்கு எழுத்தாளர்களின் முதல் மாநாட்டுக்கு லக்னோவில் பிரேம்சந்த் தலைமை வகித்ததும் அந்த 1936ஆம் ஆண்டில்தான்.

கதை சிறியது. கீசுவும் மகன் மாதவும் குடிசை வாசலில் உருளைக்கிழங்கு சுட்டுத் தின்கிறார்கள். உள்ளே மாதவின் மனைவி புதியா பிரசவ வேதனையில் துடிக்கிறாள். விடிவதற்குள் இறந்துபோகிறாள். பிணத்தைப் போர்த்தத் துணி வாங்க ஊரார் தந்த ஐந்து ரூபாயை இருவரும் குடித்துத் தீர்க்கிறார்கள்.

ஒடுக்கப்பட்ட மக்களை இரக்கமற்றவர்களாக இக்கதை காட்டுகிறது எனத் தலித் எழுத்தாளர்கள் சிலர் கண்டித்துள்ளனர். இங்கும் ஒரு தோழர் அதையே கேட்டார். அக்கேள்வியைப் புறந்தள்ளலாகாது. சாதி குறித்த பழைய இழிவுரைக்கு இக்கதை இரையாகும் ஆபத்து உண்டு. ஆயினும் இரவுபகலாய் உழைத்தவர்களின் நிலையும் இவ்விருவரைவிடப் பெரிதும் மேம்பட்டதன்று எனக் கதைக்குள்ளேயே பிரேம்சந்த் சுட்டுகிறார். குற்றக்கூண்டில் அவர் நிறுத்துவது சோம்பலை அன்று, உழைப்புக்குப் பயன் தராத சமூகத்தையே.

‘கஃபன்’ என்பதைச் சவத்துணி எனப் பெயர்க்கலாம். மொழிபெயர்ப்பாளனாகிய எனக்குக் ‘கோடி’ என்ற சொல்லே பொருந்தித் தோன்றுகிறது. கோடி என்றால் புத்தாடை. மணமக்களுக்கும் கோடி, மாண்டவர்க்கும் கோடி. உயிரோடிருந்தபோது கந்தலன்றி அறியாதவளுக்கு இறந்தபின் புதுத்துணி எதற்கு என்பது கீசுவின் வாதம். குடிப்பதற்கான சாக்குதான் அது. எனினும் அதனுள் ஓர் உண்மை சுடுகிறது.

பிரேம்சந்த் புதியாவின் ஓலத்தையே நமக்குக் கேட்கச் செய்தார். மிருணாள் சென்னோ அவளை நீலம்மாவாக உயிரோடு நடமாட விட்டார். அவள் உழைக்கிறாள், குடிசையை வீடாக்க முயல்கிறாள். உழைத்தால் பண்ணையார்தான் கொழுப்பார் என்னும் வெங்கய்யா சுரண்டலைச் சரியாகவே கண்டுகொண்டவர். ஆனால் சேர்ந்து எதிர்க்கும் வழியைக் காணாதவர். அவருடைய தனிமனித மறுப்புக்கு விலை கொடுத்தவள் நீலம்மா. படத்தின் மையம் இதுவே என்பது என் கருத்து.

தோழர்களே, நீலம்மா இன்றும் நம்மிடையே இருக்கிறாள். சித்தூரின் மாங்கூழ் ஆலைகளில் பருவகாலத்தில் பழம் நறுக்கும் பெண்களை நினைத்துப் பாருங்கள். மகப்பேறு நலனைச் சட்டப்படி பெற, முந்தைய பன்னிரண்டு மாதங்களில் 80 நாள் வேலை செய்திருக்க வேண்டும். மாம்பழப் பருவமோ சில வாரங்கள். ஒப்பந்தக்காரர் மாறினால் அந்த நாட்களுக்குக் கணக்கு யாரிடம்?

இறந்தபின் கோடி போர்த்த ஊர் திரளும். பிரசவ வேதனையில் கதறும்போது யார் திரண்டார்கள்? அந்தக் கேள்வியோடு அடுத்த பருவத்தில் ஆலைவாயிலுக்குச் செல்வோம். வேலை நாட்களை அப்பெண்களோடு சேர்ந்து எண்ணிப் பதிவு செய்வோம். வெங்கய்யா காணாத வழி அங்கேதான் தொடங்குகிறது.