சார்லி கிறிஸ்டியன்: கிதாருக்குக் குரல் கொடுத்த வாலிபர்

(தொழிலாளர் படிப்பு வட்டத்தில் ஆற்றிய உரை)



இன்று நான் பேசப்போவது, 25 வயதில் காசநோய்க்குப் பலியான ஒரு வாலிபரைப் பற்றி. அவர் பெயர் சார்லி கிறிஸ்டியன். அமெரிக்கக் கறுப்பின மக்களிலே பிறந்தவர். கிதார் வாசிப்பது அவர் தொழில்.

"சங்கீதக்காரர் கதை நமக்கெதற்கு? பஞ்சப்படியைப் பற்றிப் பேசுங்கள், கூலியைப் பற்றிப் பேசுங்கள்" என்று சில தோழர்கள் நினைக்கலாம். கூலியைப் பற்றியும் இந்தக் கதையில் வருகிறது. சங்கத்தைப் பற்றியும் வருகிறது. நம் வீடுகளில் புகுந்து ஆள் ஆளாகக் கொண்டுபோன ஒரு நோயைப் பற்றியும் வருகிறது. பொறுமையாகக் கேளுங்கள்.

கண்ணிழந்த தகப்பனாரும் மூன்று பிள்ளைகளும்

சார்லி 1916 ஜூலை 29-ம் தேதி டெக்சாஸ் மாகாணத்தில் போன்ஹாம் என்ற சிற்றூரில் பிறந்தார். அமெரிக்காவில் அடிமை முறை 1865-ல் சட்டப்படி ஒழிந்தது. சட்டம் ஒழித்ததே தவிர, நிலமும் ஆலையும் பழைய கைகளிலேயே இருந்தன. கறுப்பர் வேறு பள்ளிக்கூடம், வேறு ரயில் பெட்டி, வேறு குடியிருப்பு என்று ஒதுக்கி வைத்தார்கள்.

சார்லி சிறு குழந்தையாக இருந்தபோது குடும்பம் ஓக்லஹோமா நகரத்துக்குக் குடிபெயர்ந்தது. அந்த மாகாணம் 1907-ல் உருவானதும் அதன் சட்டசபை நிறைவேற்றிய முதல் சட்டமே, ரயிலில் கறுப்பரைத் தனிப் பெட்டியில் ஏற்றும் சட்டம்தான்! அதே மாகாணத்தில் 1921-ல் டல்சா நகரத்தில் வெள்ளை வெறியர் கூட்டம் கறுப்பர் வாழ்ந்த கிரீன்வுட் பகுதியைத் தீயிட்டது. 35 தெருக்கட்டுகள் சாம்பலாயின. மாண்டவர் தொகை 300 வரை இருக்கலாம் என்று பின்னாளில் கணக்கிட்டார்கள். அப்போது சார்லிக்கு 5 வயது நிறையவில்லை.

சார்லியின் தகப்பனார் நோய் கண்டு பார்வை இழந்தவர். அவருக்குத் தெரிந்த தொழில் வாத்தியம் வாசிப்பது. தகப்பனாரும் மூன்று பிள்ளைகளும் வெள்ளைப் பணக்காரர் வசிக்கும் தெருக்களுக்குப் போவார்கள். வீட்டு வாசலில் நின்று வாசிப்பார்கள். கொடுத்த காசையோ பண்டத்தையோ வாங்கிக்கொண்டு திரும்புவார்கள். மிகச் சிறியவனாக இருந்தபோது சார்லி அங்கே ஆடினான். பிறகு கிதாரைக் கையில் எடுத்தான். சார்லி சிறுவனாக இருக்கும்போதே தகப்பனார் காலமானார். அவர் விட்டுப்போன சொத்து வாத்தியங்களே.

'கண்ணுக்குத் தெரியாத மனிதன்' என்ற நாவலை 1952-ல் எழுதிய ரால்ஃப் எல்லிசன் அதே ஊர்க்காரர். சார்லியின் குடும்பத்தை நன்கு அறிந்தவர். பள்ளிக்கூடத்துக் கைத்தொழில் வகுப்பில் சுருட்டுப் பெட்டிகளைக் கொண்டு சார்லி கிதார் செய்து வாசித்ததை அவர் எழுதி வைத்திருக்கிறார். வசதியுள்ளவன் கடையில் வாங்குவான். இந்தப் பையன் குப்பையில் கிடந்த பெட்டியில் தந்தி கட்டி நாதம் எழுப்பினான்!

ஒத்து ஊதியவர் முன்வரிசைக்கு வந்தார்

ஜாஸ் சங்கீதம் என்றால் என்ன? ஆப்பிரிக்காவிலிருந்து விலங்கிட்டுக் கொண்டுவரப்பட்ட மக்களின் சந்ததியார் உண்டாக்கிய சங்கீதம் அது. பருத்திக் காட்டின் வேலைப்பாட்டும், மாதா கோயில் பாட்டும், துக்கப் பாட்டும் அதில் கலந்திருக்கின்றன. ஒரு மெட்டை எல்லோரும் சேர்ந்து எடுப்பார்கள். பிறகு ஒவ்வொருவராக அந்த மெட்டின் மேல் தம் கற்பனையை விரிப்பார்கள். நாகஸ்வரக்காரர் ராகத்தை விரிப்பதைக் கேட்டவர்களுக்கு இது சட்டென்று விளங்கும்.

அந்தக் கோஷ்டிகளில் கிதாருக்கு இருந்த இடம் என்ன? நாகஸ்வர மேளத்தில் ஒத்து ஊதுகிறவருக்கு இருக்கும் இடம்தான். பத்துப் பன்னிரண்டு குழல்கள் முழங்கும்போது கிதாரின் மெல்லிய ஓசை யார் காதில் விழும்? ஆகவே கிதார்க்காரர் பின்னால் உட்கார்ந்து தாளத்துக்குத் தந்தியைத் தட்டிக்கொண்டிருப்பார். தனித்து வாசிக்க வாய்ப்புக் கிடைப்பது அபூர்வம்.

இந்த நிலையை மாற்றியது மின்சாரம். 1936-ல் கிப்சன் கம்பெனி இ.எஸ். 150 என்ற மின்சாரக் கிதாரை விற்பனைக்குக் கொண்டுவந்தது. ஒலிபெருக்கியோடு சேர்த்து விலை சுமார் 150 டாலர். அதன் சூட்சுமத்தை மோட்டாரோடு பழகிய மில் தோழர்கள் எளிதில் புரிந்துகொள்ளலாம். உருக்குத் தந்திக்கு அடியில் ஒரு காந்தமும், அதையொட்டிச் செப்புக் கம்பிச் சுருளும் இருக்கின்றன. தந்தி அதிரும்போது காந்தப் புலம் அசைகிறது. அதனால் சுருளில் சிறு மின்னோட்டம் பிறக்கிறது. அதைப் பெருக்கி ஒலிபெருக்கியில் விட்டால் சபை முழுதும் கேட்கும்.

மின்சாரக் கிதாரை முதலில் வாசித்தவர் சார்லி அல்ல. எடி டர்ஹாம் முதலிய சிலர் அவருக்கு முன்பே வாசித்தார்கள். ஆனால் அந்தக் கருவியால் என்ன முடியும் என்பதை உலகுக்குக் காட்டியவர் சார்லிதான். சாக்ஸஃபோன்காரர் மூச்சுப் பிடித்து நீண்ட வரிசையாக ஸ்வரங்களை விடுவதுபோல அவர் தந்தியில் ஒற்றை ஒற்றை ஸ்வரமாகக் கோத்து விட்டார். இயந்திரத்தைக் கம்பெனி செய்தது. அதற்குப் பேசக் கற்றுக்கொடுத்தது ஓர் ஏழைத் தொழிலாளியின் விரல்கள்!

1939: ஒரே இரவில் வந்த மாற்றம்

பென்னி குட்மன் என்ற கிளாரினெட் வித்வான் அப்போது அமெரிக்கா முழுதும் புகழ் பெற்றிருந்தார். இவரும் ஏழை வீட்டுப் பிள்ளையே. சிகாகோவில் குடியேறிய ஒரு யூதத் தையல் தொழிலாளியின் மகன். கறுப்பரும் வெள்ளையரும் ஒரே மேடையில் உட்காரக் கூடாது என்றிருந்த காலத்தில், டெடி வில்சன், லயனல் ஹாம்ப்டன் என்ற கறுப்பினக் கலைஞர்களைத் தம்மோடு உட்கார வைத்தவர் அவர். அந்தத் துணிச்சலை நாம் மறுக்கக் கூடாது.

ஜான் ஹாமண்ட் என்பவர் கோடீஸ்வரர் குடும்பத்தில் பிறந்து, இனவெறியை எதிர்த்து நின்றவர். 1938 டிசம்பரில் நியூயார்க் கார்னகி மண்டபத்தில் கறுப்பின மக்களின் இசையை வரிசையாக அரங்கேற்றும் பெரிய கச்சேரியை அவர் ஏற்பாடு செய்தார். அதற்குப் பொறுப்பேற்று நடத்த முன்வந்த பத்திரிகை எது தெரியுமா? அமெரிக்கக் கம்யூனிஸ்டுகளின் 'நியூ மாஸஸ்'! அடுத்த ஆண்டு டிசம்பர் 24-ல் அதே மண்டபத்தில் நடந்த இரண்டாவது கச்சேரியில் சார்லியும் வாசித்தார்.

இதற்குச் சில மாதங்கள் முன்பு, 1939 ஆகஸ்டில், ஹாமண்ட் சார்லியைக் கண்டுபிடித்துக் கலிபோர்னியாவுக்கு அழைத்துப் போனார். குட்மனுக்கு முதலில் ஆர்வமில்லை. அன்றிரவு ஓட்டலில் கச்சேரி தொடங்குமுன், ஹாமண்ட் சார்லியையும் அவர் ஒலிபெருக்கியையும் சத்தமில்லாமல் மேடையேற்றி விட்டார். எரிச்சலடைந்த குட்மன், இந்தப் பையனுக்குத் தெரிந்திருக்காது என்று நினைத்து 'ரோஸ் ரூம்' என்ற மெட்டை எடுத்தார். சார்லிக்கு அது நன்றாகத் தெரியும்! அவர் முறை வந்தது, வாசித்தார். மறுபடி வாசித்தார். மறுபடியும் வாசித்தார். அந்த ஒரு மெட்டு முக்கால் மணி நேரம் ஓடியது என்று சொல்லுகிறார்கள். ஓர் இரவுக்கு இரண்டரை டாலர் வாங்கிக்கொண்டிருந்தவருக்கு வாரம் 150 டாலர் சம்பளம் என்றும் சொல்லுகிறார்கள்.

'ஃப்ளையிங் ஹோம்', 'செவன் கம் இலெவன்', 'சோலோ ஃப்ளைட்' முதலிய இசைத்தட்டுகள் வெளிவந்தன. தட்டின் மேல் பெரிய எழுத்தில் இருந்தது கோஷ்டித் தலைவரின் பெயர். கேட்டவர்கள் அடையாளம் கண்டுகொண்டது சார்லியின் தந்தியை.

சங்கத் தலைவர் நடத்திய கூடம்

குட்மன் கச்சேரி முடிந்ததும் சார்லி வீட்டுக்குப் போய்த் தூங்க மாட்டார். நியூயார்க்கில் கறுப்பர் வாழும் ஹார்லெமில், 'மின்டன்ஸ் பிளேஹவுஸ்' என்ற கூடத்துக்குப் போவார். அங்கே இளங் கலைஞர்கள் கூடி விடியும் வரை வாசிப்பார்கள். தெலோனியஸ் மங்க், கென்னி கிளார்க், டிஸி கில்லெஸ்பி முதலியோர் அங்கே கூடியவர்கள். பிற்காலத்தில் 'பீபாப்' என்று பெயர் பெற்ற புதிய ஜாஸ் உருவான பட்டறைகளில் அது முக்கியமானது. 1941-ல் ஒரு கல்லூரி மாணவர் அங்கே கொண்டுபோன பதிவுக் கருவியால் சார்லியின் அந்த வாசிப்பில் கொஞ்சம் நமக்கு மிஞ்சியிருக்கிறது.

இங்கே ஒரு விஷயத்தை நாம் கவனிக்க வேண்டும். சம்பளமில்லாமல் கூடி வாசிப்பதை நியூயார்க் இசைத் தொழிலாளர் சங்கம் தடை செய்திருந்தது, மீறினால் அபராதம். ஏன் இந்தத் தடை? கலைஞர்கள் ஆசைக்காகச் சும்மா வாசித்தால், கிளப்பு முதலாளி கூலி கொடுத்து ஆள் வைப்பானா? தடையில் நியாயம் இருந்தது. ஆனால் கலைஞர்கள் கூடி வாசிக்காமல் கலை வளருமா? அதிலும் நியாயம் இருந்தது.

இந்தச் சிக்கலுக்கு மின்டன்ஸில் வழி பிறந்தது. அதை 1938-ல் நிறுவிய ஹென்றி மின்டன், அந்தச் சங்கத்தின் 802-ம் கிளையில் பிரதிநிதியாயிருந்த முதல் கறுப்பினத்தவர். அவருடைய கூடத்தில் கலைஞர்கள் அபராத பயமின்றி வாசித்தார்கள். திங்கட்கிழமை இரவுகளில் அவர்களுக்கு இலவசச் சாப்பாடும் கிடைத்தது.

அதே இசைத் தொழிலாளர் சம்மேளனம் சிகாகோ முதலிய பல நகரங்களில் கறுப்பருக்கு ஒரு கிளை, வெள்ளையருக்கு ஒரு கிளை என்று பிரிந்து கிடந்தது என்பதையும் சொல்லியாக வேண்டும். சிகாகோக் கிளைகள் ஒன்றுசேர்ந்தது 1966-ல்தான். தொழிலாளிகளைப் பிறப்பால் பிரித்து வைத்த சங்கம் யாருக்குப் பலம்? முதலாளிக்குத்தான்!

நோய்க்கு வர்க்கம் தெரியும்

1940-ல் சார்லிக்குக் காசநோய் என்று கண்டறிந்தார்கள். சில வாரம் சிகிச்சை பெற்றார். மறுபடி வேலைக்குப் போனார். பகலெல்லாம் பயணம், மாலையில் கச்சேரி, இரவெல்லாம் ஹார்லெம். 1941 ஜூனில் சுற்றுப்பயணத்தின் நடுவே உடல் ஒடிந்தது. நியூயார்க் ஸ்டேட்டன் தீவிலுள்ள சீவியூ காசநோய் ஆஸ்பத்திரியில் சேர்த்தார்கள். 1942 மார்ச் 2-ம் தேதி அங்கேயே காலமானார்.

உடம்பைப் பேணவில்லை, இரவில் கண் விழித்தார் என்று அவர் மேலேயே பழி போடுகிறவர்கள் உண்டு. அவர் உடம்பைப் பேணாதது உண்மையே. ஆனால் 1940-ஐ ஒட்டிய ஆண்டுகளில் வெள்ளையரைவிடக் கறுப்பர் காசநோயால் மூன்று மடங்குக்கு மேல் மாண்டார்கள். அத்தனை பேருமா கிதார் வாசித்துக் கண் விழித்தார்கள்? காற்று நுழையாத நெரிசல் குடியிருப்பு, அரை வயிற்றுச் சாப்பாடு, ஓய்வில்லா உழைப்பு. இவைதாம் அந்தக் கிருமிக்கு உரம்.

சீவியூவின் கதையையும் கேளுங்கள். தொற்றுக்குப் பயந்து வெள்ளைத் தாதிகள் வேலையை விட்டு விலகியபோது, தென் மாகாணங்களிலிருந்து கறுப்பினத் தாதிகளை வரவழைத்தார்கள். வேறிடங்களில் கதவடைக்கப்பட்ட அந்தப் பெண்கள், சாவுக்கு அஞ்சாமல் நோயாளிகளைப் பார்த்துக்கொண்டார்கள். சார்லி மாண்ட மறு வருஷம், 1943-ல், ஸ்ட்ரெப்டோமைசின் மருந்து கண்டுபிடிக்கப்பட்டது. 1952-ல் ஐசோனியாசிட் என்ற மலிவான மாத்திரையை அதே சீவியூ ஆஸ்பத்திரியில் கொடுத்துப் பார்த்தார்கள். படுக்கையில் கிடந்தவர்கள் எழுந்து நடமாடினார்கள்.

அந்த மாத்திரை நம் ஊர் வரை வந்தது. 1956-ல் சென்னை சேத்துப்பட்டில் தொடங்கிய காசநோய் ஆராய்ச்சி நிலையம், ஏழை நோயாளி தன் வீட்டிலிருந்தே மாத்திரை சாப்பிட்டாலும் ஆஸ்பத்திரியில் படுத்தவரைப் போலவே குணமாகலாம் என்று 1959-ல் நிரூபித்தது. உலகம் முழுதும் அந்த வழியைப் பின்பற்றியது.

அப்படியிருந்தும் இன்று உலகில் ஆண்டுதோறும் பத்து லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் காசநோயால் சாகிறார்கள். நோய் கண்டவர்களில் நான்கில் ஒருவர் இந்தியர். 1942-ல் மருந்து இல்லை, சார்லி மாண்டார். இன்று மருந்து இருக்கிறது. இன்றைய சாவுக்கு யார் பதில் சொல்வது?

கல்லில்லாத சமாதி

சார்லியின் உடலைப் பிறந்த ஊரான போன்ஹாமுக்குக் கொண்டுபோய்ப் புதைத்தார்கள். அவர் வழியில் வாசித்துப் பெரும் பணம் சேர்த்தவர்கள் எத்தனையோ பேர். மின்சாரக் கிதாரை விற்று லாபம் கண்ட கம்பெனிகள் எத்தனையோ. சமாதிக்குப் பெயர் பொறித்த ஒரு கல் வைக்க 1994 வரை யாருக்கும் தோன்றவில்லை. 52 வருஷம்!

தோழர்களே, அவருக்குக் கிடைத்தது, பெரிய மேடையில் இரண்டு ஆண்டுகள்கூட இல்லை. அதற்குள் ஒரு வாத்தியத்தின் தலைவிதியையே மாற்றிவிட்டார். இன்னும் 30 ஆண்டு இருந்திருந்தால் என்னென்ன வாசித்திருப்பார்? நம் லைன் வீடுகளிலும் சேரிகளிலும் பெட்டியில் தந்தி கட்டிப் பார்க்கும் பிள்ளைகள் உண்டு. இரண்டு வாரத்துக்கு மேல் இருமுகிற தோழரைச் சங்கமே கையைப் பிடித்து ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போகட்டும். மாத்திரை தீர்ந்துவிட்டது என்று திருப்பி அனுப்பினால், நாம் அனைவரும் சேர்ந்து போய்க் கேட்போம். காற்றோட்டமுள்ள வீடு, வயிறு நிறையச் சாப்பாடு, சம்பளத்தோடு நோய்க்கால விடுப்பு, இவற்றுக்காக நாம் போராடுவது அந்தப் பிள்ளைகளுக்காகவும்தான்.